நிஜ அழுகை கீழே இறங்கும்

எங்கள் தெருவில் ஒவ்வொரு வீட்டு வாசலிலும் ஓர் அடிபம்பு உண்டு. வடசென்னையில் பழைய வண்ணாரப்பேட்டைப் பக்கம் வந்தவர்கள் பார்த்திருப்பீர்கள். விடியற்காலையில் மெட்ரோ வாட்டர், அதாவது குடிநீர் வாரியத் தண்ணீர், விட்டதும் தெரு முழுக்க கீச், டொக், கீச், டொக் என்று ஆரம்பித்துவிடும். குடம் நிறைகிற சத்தம், வரிசைச் சண்டை, எல்லாம் அதோடு சேர்ந்து வரும்.

2016-ல் என் பையனுக்கு நாலு வயது. ஒருநாள் காலையில் கண்ணைக்கூடத் திறக்காமல் பாயில் படுத்தபடியே, "இது மூணாவது வூட்டு ஆயா பம்பு. இது மாடி வூட்டு அக்காவுது. இது நம்மளுது" என்று சொல்லிக்கொண்டிருந்தான். சொன்னதோடு நிற்காமல் ஒவ்வொன்றையும் பாடியும் காட்டினான். கைப்பிடி கீழே இறங்கும்போது ஒரு சத்தம், மேலே ஏறும்போது இன்னொரு சத்தம். இரண்டையும் 'ஊ... ஈ...' என்று இழுத்தான். நான் எழுந்து வாசலுக்குப் போய் எட்டிப் பார்த்தேன். அந்த நேரத்தில் அடித்துக்கொண்டிருந்தது அந்த மூன்று பம்புகள்தான். எங்கள் வீட்டு பம்பை அம்மா அடித்துக்கொண்டிருந்தாள்.

கொஞ்ச நாள் கழித்துப் பம்புக்கு வாஷர் மாற்றினோம். மறுநாள் காலையில் எழுந்தவன், "நம்ம பம்பு எங்க போச்சு?" என்று கேட்டு அழ ஆரம்பித்துவிட்டான். கூட்டிக்கொண்டு போய்க் காட்டினோம். "இது இல்ல, இது வேற" என்றான். அன்றைக்குத்தான் எனக்கு லேசாகப் பயம் வந்தது. இந்தப் பிள்ளைக்கு என்னவோ கேட்கிறது, அது எனக்குக் கேட்கவில்லை என்ற பயம்.

நான் சீரியலில் நடிக்கிறவள். 15 வருஷமாகிறது. கதாநாயகி இல்லை. அண்ணி, நாத்தனார், பக்கத்து வீட்டு அக்கா, கொஞ்ச நாளாக அம்மா. மாதத்தில் 10, 12 நாள் கால்ஷீட் கிடைத்தால் அது நல்ல மாதம். சம்பளம் கைக்கு வர இரண்டு மூன்று மாதம் ஆகும். அதனால் எங்கள் வீட்டில் தீபாவளிக்கு உழைத்த காசில்தான் பொங்கல் நடக்கும். பையனுடைய அப்பா, அவனுக்கு இரண்டு வயதாக இருக்கும்போது தனியாகப் போய்விட்டார். அதைப் பற்றி இங்கே எழுத எதுவும் இல்லை. நான், என் அம்மா, அவன் என்று மூன்று பேர். பத்துக்குப் பன்னிரண்டில் ஓர் அறை, ஒரு சமையலறை, மேலே மொட்டை மாடி.

படப்பிடிப்பெல்லாம் வளசரவாக்கம், போரூர், பூந்தமல்லி பக்கம். ஒன்பது மணி கால்ஷீட்டுக்கு ஆறு மணிக்குக் கிளம்ப வேண்டும். 2021 பிப்ரவரியில் மெட்ரோ எங்கள் பக்கம் விம்கோ நகர் வரை நீண்டது எனக்கு எவ்வளவு பெரிய விஷயம் என்று இங்கே இருக்கிறவர்களுக்குத்தான் தெரியும். தியாகராயா கல்லூரி ஸ்டேஷனில் ஏறி, சென்ட்ரலில் மாறி, வடபழனியில் இறங்கினால் கம்பெனி வண்டி நிற்கும். அதற்கு முன்னால் இரண்டு பஸ், ஒரு ஷேர் ஆட்டோ.

ஒன்றைச் சொல்லிவிட்டுப் போகிறேன். வண்ணாரப்பேட்டை என்று சொன்னதுமே எனக்குக் கொடுக்க மீன்காரி, கந்துவட்டிக்காரி வேஷம்தான் சில பேருக்கு ஞாபகம் வருகிறது. வசனத்தையும் கத்திப் பேசச் சொல்வார்கள். நான் என் அம்மா பேசுகிற மாதிரிதான் பேசுவேன். எங்கள் பாஷையில் தாலாட்டும் பாடலாம், துக்கமும் விசாரிக்கலாம். அது சிரிப்பு மூட்டுவதற்காக உண்டானது இல்லை.

சரி, பையனுக்கு வருகிறேன்.

ஒரு சீரியலுக்குப் பின்னணி இசை வாசித்த வயலின்காரர் ஒருவர்தான் பெரம்பூரில் இருந்த ஒரு வயலின் சாரைப் பற்றிச் சொன்னார். ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். வீட்டிலேயே பத்துப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார். 2018-ல் அவனைக் கூட்டிக்கொண்டு போனேன். நான் பம்பு கதையைச் சொன்னதும் அவர் சிரிக்கவில்லை. "எங்க, உங்க வூட்டு பம்பைப் பாடு" என்றார். அவன் பாடினான். அவர் வயலினை எடுத்து ஒரு தந்தியில் விரலை வைத்துத் தேடினார். "ஷட்ஜம்... அந்தர காந்தாரம்..." என்று சுரங்களின் பேரைச் சொன்னார். "இன்னொரு தடவை பாடுப்பா." அவன் பாடினான். அதே இடத்தில் நின்றது. நாலு தடவை பாட வைத்தார். நாலு தடவையும் அதே இடம். அப்புறம் என் பக்கம் திரும்பி, "நாளையிலேர்ந்து அனுப்பும்மா" என்றார். மாதம் 500 ரூபாய்.

வயலின் என்றால் எடுத்த உடனே பாட்டு வரும் என்று நான் நினைத்திருந்தேன். முதல் மூன்று மாதம் வில்லைப் பிடிக்கிறது மட்டும்தான். விரலே வைக்காமல் தந்தியில் வில்லை நீளமாக இழுப்பது, திரும்பத் தள்ளுவது. நம் ஊர் முறையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, வயலினின் தலையை வலது கணுக்கால் மேல் வைத்து, அடிப்பக்கத்தை நெஞ்சோடு சேர்த்துப் பிடிக்க வேண்டும். அவன் கால் அவ்வளவு சின்னது. கணுக்கால் எலும்பில் மரம் அழுத்திச் சிவந்துவிடும். என் அம்மா பழைய பருத்தித் துண்டை நாலாக மடித்து அங்கே வைத்தாள். இன்றைக்கும் அந்தத் துண்டு இல்லாமல் அவன் உட்காரமாட்டான்.

அப்புறம் சரளி வரிசை, ஜண்டை வரிசை, அலங்காரம் என்று ஆரம்பப் பாடங்கள். எல்லாம் மாயாமாளவகௌளை ராகத்தில். ஒவ்வொன்றும் மூன்று காலத்தில், அதாவது மூன்று வேகத்தில். பிள்ளை வளர வளர வயலினும் வளர வேண்டும் என்பது எனக்குத் தெரியாத இன்னொரு விஷயம். முதலில் கால் சைஸ், அப்புறம் அரை, அப்புறம் முக்கால், கடைசியில் முழு வயலின். பள்ளிச் சீருடை மாதிரிதான். ஆனால் ஒன்றை விற்றால்தான் அடுத்தது வாங்க முடியும்.

இராத்திரி நான் வேலை முடிந்து வர ஒன்பது, பத்து ஆகிவிடும். அந்த நேரத்தில் வாசித்தால் அக்கம்பக்கத்துக்குத் தொந்தரவு. சார் ஒரு வழி சொன்னார். தந்திகளைத் தாங்கி நிற்கிற சின்ன மரத்துண்டுக்குக் குதிரை என்று பேர். அதன் மேல் ஒரு துணி கிளிப்பைக் கவ்வ வைத்தால் சத்தம் பாதியாகிவிடும். அப்படி அவன் வாசிக்க, நான் எதிரே உட்கார்ந்து தாளம் போடுவேன். எனக்கு சுருதி பிடிபடாது. இரண்டு சுரத்தை வாசித்து எது மேலே, எது கீழே என்று கேட்டால் பாதி நேரம் தப்பாகச் சொல்லிவிடுவேன். ஆனால் தாளம் வரும். வசனம் பேசிப் பிழைக்கிறவளுக்கு எங்கே நிறுத்த வேண்டும், எங்கே எடுக்க வேண்டும் என்பது கைக்குத் தெரியும். ஒரு தட்டு, சுண்டு விரல், மோதிர விரல், நடு விரல், பிறகு தட்டி வீசு, தட்டி வீசு. ஆதி தாளம். இந்த எட்டும் சேர்ந்தால் ஓர் ஆவர்த்தனம். மேக்கப் சரியாகக் கலையாத முகத்தோடு நான் தாளம் போட, கிளிப் மாட்டிய வயலினில் அவன் வாசிப்பான். அம்மா மூலையில் கீரை ஆய்ந்துகொண்டிருப்பாள். என் வாழ்க்கையில் நல்ல நேரம் எது என்று யாராவது கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

2020 மார்ச்சில் படப்பிடிப்பு நின்றது. அந்த மாதங்களைப் பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள். இரண்டு வளையல் போனது. அவ்வளவுதான் சொல்ல இருக்கிறது. சார் மட்டும் ஒருநாள்கூட விடவில்லை. போனில் வகுப்பு எடுத்தார், அந்த மாதங்களுக்குப் பணம் வாங்கவில்லை. போனில் ஒரு சிக்கல் உண்டு. இங்கே வாசிப்பது அங்கே கொஞ்சம் தாமதமாகத்தான் போகும். அதனால் இரண்டு பேரும் சேர்ந்து வாசிக்கவே முடியாது. அவர் ஒரு வரி பாடுவார், இவன் கேட்டுவிட்டுத் திருப்பி வாசிப்பான். அந்த ஒன்றரை வருஷம்தான் அவன் காதைத் தீட்டியது என்று சார் பிற்பாடு சொன்னார்.

அந்த வகுப்புகளில்தான் அவர் எங்கள் ஊர்க் கதைகளையும் சொல்வார். இந்த வயலின் வெள்ளைக்காரர்களோடு வந்தது, அதைக் கர்நாடக இசைக்குக் கொண்டு வந்தவர் என்று பாலுசுவாமி தீட்சிதரைத்தான் சொல்வார்கள், முத்துசுவாமி தீட்சிதரின் தம்பி. அந்தக் குடும்பம் அப்போது இருந்தது மணலியில், ஒரு முதலியார் குடும்பத்தின் ஆதரவில். அங்கிருந்து புனித ஜார்ஜ் கோட்டைக்குப் போய் வெள்ளைக்காரர்களின் பேண்டு வாத்தியத்தைக் கேட்டிருக்கிறார்கள். நம் மணலி! லாரியும் புகைபோக்கியும் மட்டும்தான் அந்தப் பேருக்கு எனக்குத் தெரியும். "உன் கையில இருக்கிற பொட்டி நம்ம பக்கத்துலதான்டா நம்ம பாட்டைக் கத்துக்கிச்சு" என்று சார் சொன்னபோது, போனைப் பிடித்துக்கொண்டிருந்த என் கை சிலிர்த்துவிட்டது. கர்நாடக இசைக்காரர்கள் இருக்கிற மயிலாப்பூரில் போய்க் கடன் கேட்கிற மாதிரி ஒரு கூச்சம் அதுவரை எனக்குள் இருந்தது. அன்றோடு போனது.

இனி நான் எழுத வந்த விஷயம்.

2022 கோடை விடுமுறை. அம்மாவுக்குக் கண் அறுவைச் சிகிச்சை. பையனை வீட்டில் விட முடியாமல் மூன்று நாள் கூடவே ஷூட்டிங்குக்குக் கூட்டிப்போனேன். அன்றைக்கு எனக்குப் பெரிய காட்சி. சீரியலில் என் கணவன் இறந்த செய்தி வருகிறது. நான் ஹாலில் உட்கார்ந்து கதற வேண்டும். கிளிசரின் போட்டார்கள். முதல் டேக்கே ஓகே. எல்லோரும் கை தட்டினார்கள். மூத்த நடிகை ஒருவர் வந்து தலையைத் தடவி, "கலக்கிட்டடி" என்றார். சந்தோஷமாக இருந்தது. பொய் சொல்ல மாட்டேன்.

சாப்பாட்டு நேரத்தில் அவன் தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டே சொன்னான்: "ம்மா, நீ நெஜமா அழுறப்போ சத்தம் கீழ போவும். இன்னைக்கு மேல மேல போச்சு."

நான் முதலில் தொழில் விஷயமாகத்தான் அதை எடுத்துக்கொண்டேன். எப்படி என்று கேட்டேன். அவன் மெதுவாகப் பாடிக் காட்டினான். ஒரு மூச்சில் தொடங்கி, படி படியாக இறங்கி, கடைசியில் சத்தமே இல்லாமல் காற்று மட்டும் போகிறது. அப்புறம் காலையில் நான் நடித்ததைப் பாடிக் காட்டினான். அது ஏறிக்கொண்டே போய் உச்சியில் நின்றது.

அதற்கப்புறம்தான் எனக்கு உறைத்தது. நான் நிஜமாக அழுததை இவன் எப்போது கேட்டான்? நான் அழுவது இராத்திரியில், அவன் தூங்கின பிறகு, சமையலறையில், குழாயைத் திறந்து வைத்துக்கொண்டு. அதிகம் இல்லை, வருஷத்தில் ஒன்றிரண்டு தடவை. அவன் தூங்கவில்லை. குழாய்ச் சத்தத்துக்கு நடுவில் அதைப் பிரித்துக் கேட்டிருக்கிறான். எந்தச் சுரத்தில் தொடங்கியது, எங்கே முடிந்தது என்று மனசில் வைத்திருக்கிறான். எத்தனை வருஷமாக என்று நான் கேட்கவில்லை. அவனும் சொல்லவில்லை. தயிர்சாதத்தில் ஊறுகாய் வைத்துக் கொடுத்தேன்.

மதியம் அதே காட்சியின் தொடர்ச்சி இருந்தது. நான் கீழே இறக்கி அழுதேன். மைக் வைத்திருந்த பையன் ஹெட்போனைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்தான். இயக்குநர் கொஞ்ச நேரம் கட் சொல்லவே இல்லை. அதற்கப்புறம் இத்தனை வருஷ நடிப்பில் நான் அழுகையை அப்படித்தான் செய்கிறேன். என் தொழிலில் எனக்கு யாரும் சொல்லித் தராததை ஒரு பத்து வயதுப் பிள்ளை தயிர்சாதம் சாப்பிட்டுக்கொண்டே சொல்லிக்கொடுத்தான்.

சாரிடம் இதைச் சொன்னேன். "ஒப்பாரியைக் கேட்டுப் பாரும்மா. மேலே எடுத்துக் கீழேதான் வந்து சேரும். துக்கத்துக்கு அவரோகணம்தான்" என்றார். என் அப்பா செத்தபோது அம்மா வைத்த ஒப்பாரி எனக்கு ஞாபகம் வந்தது. உண்மைதான்.

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல். எங்கள் தெருவில் முழங்காலுக்கு மேல் தண்ணீர். வீட்டுக்குள் கட்டில் உயரத்துக்கு வந்துவிட்டது. மூன்று நாள் கரண்ட் இல்லை. முக்கால் சைஸ் வயலினை முதல் நாள் இரவே ரெக்ஸின் பையில் சுற்றிப் பரணில் வைத்துவிட்டான். அரிசி மூட்டையை அதற்கப்புறம்தான் ஏற்றினோம். தண்ணீர் படவில்லை. ஆனால் தண்ணீர் வடிந்து நாலு நாள் கழித்து எடுத்து வாசித்தபோது, "ஈ கத்துதும்மா உள்ள" என்றான். எனக்கு ஒன்றுமே கேட்கவில்லை. எப்போதும் போல நன்றாகத்தான் இருந்தது. அவன் வாசிக்க மறுத்துவிட்டான்.

சார் அனுப்பின மரவேலைக்காரர் ஒருவரிடம் எடுத்துக்கொண்டு போனோம். அவர் தந்தியைக்கூடத் தொடவில்லை. வயலினை மடியில் கவிழ்த்துப் போட்டு, விரல் முட்டியால் ஓரம் ஓரமாக டொக் டொக் என்று தட்டிக்கொண்டே வந்தார். அவர் கை ஒரு சுற்று முடிப்பதற்குள், "அங்க, அதுக்கு முன்னாடி" என்றான் இவன். அவர் விரலைப் பின்னால் நகர்த்தித் தட்டினார். அவருக்குக் கேட்டது. ஒரு மெல்லிய தகட்டை அந்த இடத்தில் நுழைத்துக் காட்டினார், சுளுவாக உள்ளே போனது. வயலினை ஒட்டுவது வஜ்ரத்தில். மாட்டுத் தோலைக் காய்ச்சி எடுக்கிற பழைய பசை. ஈரம் ஏறினால் இளகிவிடும். "நவீன பசை போட்டு ஒட்டியிருந்தா மரமே பொளந்திருக்கும்மா. வஜ்ரம் தான் வுட்டுக் குடுத்து மரத்தைக் காப்பாத்துது" என்றார். ஒரு டப்பாவில் தண்ணீரைக் கொதிக்க வைத்து, அதற்குள் இன்னொரு சின்ன டப்பாவில் வஜ்ரத்தை உருக்கினார். கடை முழுக்க ஒரு மாதிரி நாற்றம். பிரஷ்ஷால் தடவி, மரக்கட்டைகளை வைத்து இறுக்கி, இரண்டு நாள் தொடாதே என்றார். அந்த இரண்டு நாளும் பையன் பள்ளி விட்டதும் நேரே அவர் கடைக்குப் போய்த் தொடாமல் பார்த்துவிட்டு வந்தான்.

எங்கள் வீட்டுச் சுவரில் அந்தத் தண்ணீர் நின்ற கோடு இன்னும் இருக்கிறது. வெள்ளையடிக்க இன்னும் காசு சேரவில்லை.

அந்தக் கோட்டினால்தான் அடுத்தது வந்தது. போன வருஷம் ஒரு டிவி நிகழ்ச்சிக்காக, பிள்ளைகளின் திறமையைக் காட்டுகிற போட்டி ஒன்றுக்காக, இரண்டு பேர் வீட்டுக்கு வந்தார்கள். எனக்குத் தெரிந்தவர் மூலமாகத்தான். நல்ல பிள்ளைகள், மரியாதையாகப் பேசினார்கள். பையன் வாசித்ததைக் கேட்டார்கள். அப்புறம் அறையைச் சுற்றிப் பார்த்தார்கள். ஒருவர் சுவரைக் காட்டி, "அக்கா, இந்தக் கோட்டுப் பக்கத்துல அவன் உக்காந்து வாசிக்கிற மாதிரி ஒரு ஷாட் எடுத்துக்கலாம். அப்புறம் மேடையில நீங்க வரணும். தனியா வளத்த கதையச் சொல்லணும். நீங்க ஆர்ட்டிஸ்ட், உங்களுக்குச் சொல்லவா வேணும், அந்த இடத்துல கொஞ்சம் உடைஞ்சு அழுதீங்கன்னா..." என்றார்.

எனக்குக் கோபம் வரவில்லை. அவர் வேலை அது. நானும் அதே வேலையில் இருக்கிறவள். ஆனால் அந்த நிமிஷம் எனக்கு அந்தத் தயிர்சாதம்தான் கண் முன்னால் வந்தது. நான் அந்த மேடையில் அழுதால் சத்தம் மேலே போகும். பக்கத்தில் வயலினோடு நிற்கிற அவனுக்கு அது கேட்கும். ஊரே நம்பினாலும் அவன் ஒருவனுக்குத் தெரியும். கீழே இறக்கி அழவும் எனக்கு இப்போது தெரியும். அதைச் செய்தால் இன்னும் மோசம். சமையலறையில் குழாயைத் திறந்து வைத்து நான் மறைத்ததை அவன் முன்னாலேயே எடுத்து விற்கிற மாதிரி ஆகிவிடும்.

சட்டத்தில் இதற்கு என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியும், செட்டில் குழந்தை நட்சத்திரங்களோடு வேலை செய்திருக்கிறேன். 2017-ல் வந்த மத்திய அரசு விதிகளின்படி 14 வயதுக்குட்பட்ட பிள்ளையை ஒரு நாளைக்கு 5 மணி நேரத்துக்கு மேல் நடிக்க வைக்கக் கூடாது. இடைவேளை இல்லாமல் 3 மணி நேரத்துக்கு மேல் கூடாது. தயாரிப்பாளர் மாவட்ட ஆட்சியரிடம் அனுமதி வாங்க வேண்டும். வருமானத்தில் 20 சதவீதமாவது பிள்ளை பேரில் வங்கியில் போட வேண்டும். இதெல்லாம் நல்ல விதிகள். எல்லாவற்றையும் விட எனக்குப் பிடித்தது, பிள்ளையின் விருப்பத்துக்கு மாறாக அதைக் கலந்துகொள்ள வைக்கக் கூடாது என்று இருக்கிற வரி. லைட் ஸ்டாண்டு பக்கத்தில் இராத்திரி பதினோரு மணிக்குத் தூங்கி வழிகிற ஆறு வயதுக் குழந்தையை எழுப்பிச் சிரிக்கச் சொன்னதை நான் பார்த்திருக்கிறேன். அந்தக் குழந்தையிடம் யாரும் கேட்கவில்லை. அதனால் நான் கேட்டேன்.

"நைனா, உனக்குப் போகணுமா?"

அவன் அவர்களைப் பார்த்து, "எவ்ளோ நேரம் வாசிக்கலாம்?" என்றான்.

"தொண்ணூறு செகண்டு தம்பி."

"ராகமே ஆரம்பிக்க முடியாதே" என்றான். அடம் இல்லை, கோபம் இல்லை. கணக்குச் சொல்கிற மாதிரி சொன்னான். அப்புறம் என்னைப் பார்த்து, "அப்புறமா பாக்கலாம்மா" என்றான்.

அவ்வளவுதான் நடந்தது. காபி குடித்துவிட்டுப் போனார்கள்.

என் அம்மா இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. "வந்த லட்சுமியை வாசல்லயே வெச்சு அனுப்பிட்ட" என்றாள். அவளைக் குறை சொல்லமாட்டேன். ரேஷன் கடை வரிசையில் நின்றவள் அவள், வளையலை விற்றபோது கூட வந்தவள் அவள். ஷூட்டிங்கில் இருக்கிற தோழிகள், "உனக்கே இந்த ஃபீல்டுல ஆள் தெரியும், நீயே பிள்ளைய ஒளிச்சு வெக்கிறியே" என்று கேட்டார்கள். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். நான் ஒளித்து வைக்கவில்லை. டிசம்பரில் மயிலாப்பூர், தி.நகர் சபாக்களில் மதியக் கச்சேரிக்குப் பெரும்பாலும் டிக்கெட் கிடையாது, கால்ஷீட் இல்லாத நாளெல்லாம் கூட்டிப் போகிறேன், மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து விரலைப் பார்க்கிறான். பள்ளி விழாவில் வாசிக்கிறான். தெருவில் சாவு விழுந்தால் இராத்திரி கானா பாடுகிற அண்ணன்களோடு போய் உட்காருகிறான், அவர்கள் இழுக்கிற இழுப்பை மறுநாள் வயலினில் தேடுகிறான். சார் அதற்கும் திட்டுவதில்லை. யாரும் பார்க்காமல், யாரும் மார்க் போடாமல், ஒரே வரியை நூறு தடவை தப்பாக வாசிக்க ஒரு பிள்ளைக்குச் சில வருஷங்கள் வேண்டும். எனக்கு அது கிடைக்கவில்லை. 19 வயதில் கேமரா முன்னால் நின்றேன், அன்றிலிருந்து ஒவ்வொரு அசைவையும் யாரோ ஓகே சொல்லித்தான் செய்கிறேன். என் சம்பாத்தியத்தில் அவனுக்கு வாங்கிக் கொடுக்க முடிகிற பெரிய பொருள் இந்தச் சில வருஷங்கள்தான். பதினாறு வயதில் அவனே வந்து மேடை வேண்டும் என்று கேட்டால், நானே கூட்டிப்போய் மேக்கப் போட்டுவிடுவேன்.

இப்போது அவனுக்கு 13. போன மாதம் முழு வயலின் வாங்கினோம். முக்கால் சைஸ் பக்கத்துத் தெருப் பெண் ஒருத்திக்குப் போனது, பாதி விலைக்கு. புது வயலினை முதலில் எங்கே வாசிக்கலாம் என்று சார்தான் சொன்னார். தியாகராஜர் தன் சீடர் வீணை குப்பையரின் அழைப்பில் நம் பக்கம் வந்தபோது திருவொற்றியூர் அம்மன் மேல் ஐந்து கீர்த்தனைகள் செய்தார். ஆரபி, பேகடை, கல்யாணி, சாவேரி, சுத்த சாவேரி என்று ஐந்து ராகங்களில். அதில் கல்யாணியை இவன் ஆறு மாதமாகப் பழகிக்கொண்டிருந்தான்.

ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம், மெட்ரோவில் தேரடியில் இறங்கி வடிவுடை அம்மன் கோயிலுக்குப் போனோம். சார், அம்மா, அவன், நான். கும்பிட்டுவிட்டு வெளிப் பிராகாரத்தில் ஒரு தூண் ஓரமாக உட்கார்ந்தோம். துண்டை மடித்துக் கணுக்காலில் வைத்தான். போனில் சுருதி போட்டு, பிருடையைத் திருகித் தந்தியை ஒவ்வொன்றாகச் சேர்த்தான். நான் எதிரே உட்கார்ந்து தாளத்தை எடுத்தேன். போனில் படம் பிடிக்கலாமா என்று அம்மா கேட்டாள். வேண்டாம் என்றேன்.

கேட்டது யாரும் இல்லை என்றுதான் சொல்ல வேண்டும். பிராகாரம் சுற்றுகிறவர்கள் சுற்றிக்கொண்டே போனார்கள். தூணுக்கு அந்தப் பக்கம் பூக் கட்டிக்கொண்டிருந்த ஒரு பாட்டி மட்டும் நாரை வாயில் கடித்தபடி கையை நிறுத்திவிட்டாள். பெரிய வயலினின் சத்தம் எனக்கே வித்தியாசம் தெரிந்தது. அடியில் கனமாக, நெஞ்சில் வந்து உட்காருகிற மாதிரி இருந்தது. சார் கண்ணை மூடிக்கொண்டிருந்தார். கீழ் ஸ்தாயியில் இறங்கி, ஓர் இடத்தில் வில்லைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து, கடைசியில் காற்று மட்டும் வருகிற மாதிரி நிறுத்தினான்.

முடித்துவிட்டு வில்லைத் தளர்த்திக்கொண்டே என்னிடம் மெதுவாகச் சொன்னான்: "ம்மா, கடைசிக்கு முந்தின ஆவர்த்தனத்துல ஒரு விரல் வுட்டுட்ட."

விட்டது உண்மைதான். கண்ணைத் துடைக்கக் கையை எடுத்துவிட்டேன்.